ஒன்பதாம் கிலோமீட்டர் வளைவு

பொட்டல்மடையிலிருந்து வண்டி கிளம்பிவிட்டது என்று, அதில் ஏறி வருகிற என் கேங்க் கோமு போனில் சொன்னாள். மணி பத்து ஐந்து. இங்கே வர ஒன்பது கிலோமீட்டர், மணிக்கு இருபது வேகத்தில் வரும், வழியில் இரண்டு பாலங்களில் நிறுத்தி இறங்கிப் பார்ப்பார்கள், ஆக முக்கால் மணி நேரம். முக்கால் மணி நேரம் நான் இந்த வளைவில் பச்சைக் கொடியைச் சுருட்டிப் பிடித்துக்கொண்டு நிற்கவேண்டும். நிற்பது எனக்குப் புதிதா, முப்பது வருஷம் தண்டவாளத்தோரம் நின்ற கால் இது. ஆனாலும் இன்றைக்கு முழங்கால் என் சொல்லைக் கேட்கவில்லை. உட்காரலாம் என்றால் ஈர ஜல்லி. மூன்று நாளாக விடாமல் பெய்து இன்று விடியற்காலையில்தான் விட்டிருக்கிறது. சித்திரான்குளம் நிரம்பி, கரையில் பதித்த கல்லுக்கு ஒரு சாண் கீழே தண்ணீர் தளும்பிக்கொண்டிருக்கிறது. வருஷத்தில் முந்நூறு நாள் ஆடு மேயும் குளம், பரிசோதனை வண்டி வரும் அன்றைக்குப் பார்த்து நிறைந்திருக்கிறது. நிறையட்டும். காய்ந்த கரையில் வண்டி ஓட்டிக் காட்டுவதில் என்ன இருக்கிறது. விடிந்ததிலிருந்து இந்த வளைவை மூன்று முறை நடந்துவிட்டேன், ஒவ்வொரு சிலிப்பர் கட்டையின் மேலும் ஏறி நின்று, குதிகாலை அழுத்தி, கட்டை ஆடுகிறதா என்று பார்த்தாயிற்று. ஆடவில்லை. நல்லா இருக்கு. நல்லா இருக்கு என்று வாய்க்குள் சொன்னதும் இன்னொரு முறை கட்டையை மிதித்துப் பார்க்கிறேன். இந்த இடத்தைப் பற்றி, இதே வளைவைப் பற்றி, இந்தச் சொல்லை நான் ஒரு முறை சொல்லியிருக்கிறேன், அது பொய்.

அதை நினைக்க வேண்டாம். வேறு எதையாவது நினை பேச்சி. இரண்டு வருஷத்துக்கு முன்னால் இந்தப் பாதை எப்படி இருந்தது, அதை நினை. பதினான்கு கிலோமீட்டரும் சீமைக்கருவேலம். கடைசி வண்டி போய்ப் பதினேழு வருஷம், தண்டவாளத்தை எடுத்துக்கொண்டு போகக்கூட யாரும் வரவில்லை, கிளைப் பாதை, மீட்டர் கேஜ், யாருக்கு வேண்டும். நெடும்பாறை ஸ்டேஷனில் டிக்கெட் கொடுக்கிற அறைக்குள் வெள்ளாடு குட்டி போட்டிருந்தது. அப்போதுதான், விருப்ப ஓய்வு வாங்கி வீட்டில் இருந்த என்னைத் தேடிச் செயலாளர் கணபதி சங்கரன் சார் வந்தார். பேங்கில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர், ரயில் என்றால் கிறுக்கு, நாலு பேரைச் சேர்த்து அறக்கட்டளை வைத்து, பாதையை மீட்டு மலையடிவாரத்துக்குச் சுற்றுலா ரயில் விடப்போகிறேன், கரி எஞ்சின், மரப் பெட்டி, ஜனங்கள் வந்து பார்ப்பார்கள் என்றார். நான் சிரித்துவிட்டேன். அவர் கோபப்படவில்லை. இந்தப் பாதையில் வேலை பார்த்தவர்களில் இன்னும் நடக்கத் தெம்புள்ளவர் நீங்கள் ஒருத்தர்தான் என்று ரயில்வே ஆபீசில் சொன்னார்கள், நடந்து காட்டுங்கள், என்ன வேலை இருக்கிறது என்று சொல்லுங்கள், அவ்வளவுதான் என்றார். நடந்தேன். முள் கிழித்து இரண்டு காலிலும் இரத்தம். ஆனால் கருவேலத்துக்கு அடியில் தண்டவாளம் அப்படியே கிடந்தது, துருவைக் கையால் தேய்த்தால் உள்ளே இரும்பு இரும்பாகவே இருந்தது. நெடும்பாறைக்குப் போய்ச் சேர்ந்தபோது பொழுது சாய்ந்திருந்தது. ஓட்டலாம் சார் என்றேன். அந்த இரண்டு சொல்லைச் சொல்ல எனக்கு என்ன தைரியம் இருந்தது என்று இன்றைக்கும் தெரியவில்லை.

இப்போது பார், சுத்தமாக, கோடு போட்ட மாதிரி. இதைச் செய்தது பதினொரு பேர், அதில் ஒன்பது பேர் பொம்பளைகள், எல்லாரும் பீடி சுற்றிக்கொண்டிருந்தவர்கள். பீடி சுற்றியவளுக்கு விரலில் கணக்கு உண்டு, இலையை எவ்வளவு இறுக்கினால் பிரியாது, எவ்வளவு இறுக்கினால் கிழியும் என்று விரல் சொல்லிவிடும். ஜல்லியும் அப்படித்தான். கட்டைக்கு அடியில் ஜல்லியைக் குத்தி இறுக்குவதற்குப் பேக்கிங் என்று பெயர், குத்துகிற இரும்புக்குப் பீட்டர் என்று பெயர், அதை ஓங்கிக் குத்தும்போது முதலில் மொத்து மொத்தென்று சத்தம் வரும், இறுகியதும் சத்தம் மாறும், கணீரென்று வராது, ஆனால் கை அதிரும். கோமு ஒரே வாரத்தில் அதைப் பிடித்துவிட்டாள். நான் கற்றுக்கொள்ள ஒரு வருஷம் ஆனது. எனக்குச் சொல்லிக் கொடுக்க யாருக்கும் விருப்பம் இல்லை என்பதும் ஒரு காரணம். இருபத்தேழு வயதில் வந்தேன், புருஷன் மஞ்சள் காமாலையில் போய்ச் சேர்ந்து ஆறு மாசத்தில், கருணை அடிப்படையில் அவர் பார்த்த கேங்க்மேன் வேலை. பதினாலு ஆம்பளைகளுக்கு நடுவில் ஒருத்தி. டீ போட வந்திருக்கிறாளா என்று கேட்டார்கள். ஞானதிரவியம் அண்ணாச்சிதான், எங்கள் மேஸ்திரி, பீட்டரை எடுத்து என் கையில் கொடுத்து, வேலைக்கு வந்தவளிடம் வேலையைக் கொடுங்கடா என்றார். அண்ணாச்சி. இதோ வந்துவிட்டார், எந்தப் பக்கம் போனாலும் அவரிடம்தான் வந்து நிற்கிறது நினைப்பு.

அண்ணாச்சி இப்போது அந்த வண்டியில் வருகிறார். நேற்றுச் சாயங்காலம்தான் எனக்குத் தெரியும். பரிசோதனைக்கு வருகிற பாதுகாப்பு அதிகாரி தாமோதரன் சார், பாதையை அறிந்த பழைய ஆள் ஒருவர் கூட வந்தால் நல்லது என்று கேட்டாராம், செயலாளர் தூத்துக்குடிக்கே காரை அனுப்பி, மகள் வீட்டில் இருந்தவரைக் கூட்டி வந்துவிட்டார். உங்களுக்கும் சந்தோஷமாக இருக்குமே பேச்சியம்மா என்றார். சந்தோஷம்தான் சார் என்றேன். இருபத்தெட்டு வருஷமாக அவர் முகத்தைப் பார்க்கவில்லை. அவருக்கு எழுபத்தொன்பது வயது இருக்கும். எப்படி இருப்பார். மீசை நரைத்திருக்கும். என்னைப் பார்த்தால் என்ன செய்வார். ஒன்றும் செய்யமாட்டார், அன்றைக்கே ஒன்றும் செய்யாத மனுஷன். அதுதான் எனக்கு ஆறவில்லை. இரண்டு திட்டுத் திட்டியிருந்தால் அன்றோடு போயிருக்கும். குளத்தில் ஒரு கொக்கு ஒற்றைக் காலில் நிற்கிறது. எனக்கும் அதற்கும் ஒரே வேலைதான், நின்று கொண்டே இருப்பது. மணி என்ன. பத்து பதினெட்டு. முதல் பாலத்துக்கு வந்திருக்கும். இறங்கியிருப்பார்கள். தாமோதரன் சார் பேசாத ஆளாம், அளந்து பார்த்து எழுதிக்கொண்டே போவாராம், அவர் வேண்டாம் என்று எழுதிவிட்டால் இரண்டு வருஷமும் போச்சு, எஞ்சினை ஷெட்டில் நிறுத்திக் கம்பி வேலி போட்டுப் பார்வைக்கு வைக்க வேண்டியதுதான். ஒன்பது பொம்பளைகளும் பீடித் தட்டை மறுபடி எடுத்து மடியில் வைத்துக்கொள்ள வேண்டியதுதான். ஒரு கட்டை, ஒரே ஒரு கட்டை ஆடினால் போதும்.

அன்றைக்கும் ஒரு கட்டைதான். சரி, நினைத்துத் தொலைக்கிறேன், நினைக்காமல் விடாது. தினமும் பாதையை நடந்து பார்க்கிற கீமேன் ஒரு வாரம் லீவில் போனான். சுத்தியலும் ஸ்பேனரும் யார் கையில் கொடுப்பது என்று வந்தபோது அண்ணாச்சி என்னைக் காட்டினார். பொம்பளையையா என்றான் ஒருத்தன். நடக்கத்தானே வேணும், அவ நடப்பா என்றார். ஐந்து நாள் நடந்தேன். ஐந்தாம் நாள் சாயங்காலம் இங்கே, இதோ அந்த வேப்பமரத்துக்கு நேர் எதிரே, கட்டையின் மேல் கால் வைத்தபோது ஒரு மாதிரி இருந்தது. ஆடியது என்று சொல்லமுடியாது. மூச்சு விட்ட மாதிரி. குனிந்து பார்த்தேன், கட்டையின் ஓரத்து ஜல்லியெல்லாம் வெளுத்திருந்தது, அடியிலிருந்து சேறு மேலே வந்து காய்ந்த வெளுப்பு. கரை அடியில் இளகினால்தான் அப்படி வரும். அது அப்போது எனக்குத் தெரியுமா. பாதி தெரியும். அங்கேயே நின்றேன். கால் மணி நேரம் இருக்கும். போய்ச் சொல்லலாமா. சொன்னால் பதினாலு பேரும் வருவார்கள், தோண்டிப் பார்ப்பார்கள், ஒன்றும் இல்லை என்றால் சிரிப்பார்கள், பொம்பளையை அனுப்பினால் இப்படித்தான், குருவி உட்கார்ந்தாலும் கரை உடைஞ்சு போச்சு என்று ஓடி வருவாள் என்பார்கள். என்னைச் சிரித்தால் பரவாயில்லை, அண்ணாச்சியைச் சேர்த்துச் சிரிப்பார்கள். இதையெல்லாம் யோசித்துக்கொண்டு நின்றேன். அப்புறம் நடந்தேன். சுத்தியலைத் தோளில் போட்டுக்கொண்டு, ஒன்றும் பார்க்காதவளைப் போல.

மறுநாள் காலை ஏழரைக்கு உரம் ஏற்றிய கூட்ஸ். நான் வீட்டில் சோறு வடித்துக்கொண்டிருந்தேன், சத்தம் எனக்குக் கேட்கவில்லை, ஆட்கள் ஓடுகிற சத்தம்தான் கேட்டது. வளைவில் வெளிப்பக்கத் தண்டவாளம் உள்பக்கத்தைவிடக் கொஞ்சம் உசரமாக இருக்கவேண்டும், அப்போதுதான் வண்டி வெளியே சாயாமல் திரும்பும். குளத்துப் பக்கம் கரை இறங்கி, உசரமாக இருக்கவேண்டியது தாழ்ந்துவிட்டது. இரண்டு வேகன் குளத்துக்குள் போய்விட்டது. கார்டுக்குத் தோள்பட்டை எலும்பு முறிவு, உயிருக்கு ஒன்றும் இல்லை, அந்த மட்டுக்கும் சாமி புண்ணியம். மூட்டை கிழிந்து உரம் முழுக்கத் தண்ணீரில் கரைந்து, மூன்றாம் நாள் குளத்து மீனெல்லாம் செத்து மிதந்தது. அந்த நாற்றம். இப்போதும் வருகிறதா, இல்லை, இது பாசி வாசனை. விசாரணைக்கு வந்தவர் மேசைக்குப் பின்னால் உட்கார்ந்து கேட்டார், நேத்து சாயங்காலம் நீதானே நடந்தே, இந்த இடம் எப்படி இருந்துச்சு. அண்ணாச்சி எனக்குப் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தார். நல்லா இருந்துச்சு சார் என்றேன். கொஞ்சங்கூடக் குரல் நடுங்கவில்லை. எழுதிக்கொண்டார். கீமேன் பார்த்தபோது நன்றாக இருந்தது என்றால், பேக்கிங்கைச் சரியாகச் செய்யாத மேஸ்திரியின் கவனக்குறைவு. சம்பள உயர்வை நிறுத்தி, அவரை நூறு மைலுக்கு அப்பால் ஒரு பொட்டல் ஸ்டேஷனுக்கு மாற்றினார்கள். பெட்டியைத் தூக்கிக்கொண்டு போகிற அன்று என் வீட்டு வாசலில் நின்று, வேலையை விட்டுடாதே பேச்சி என்றார், அவ்வளவுதான். வேலையை விடவில்லை அண்ணாச்சி. அதற்கப்புறம் ஒரு வெளுப்பையும் விடவில்லை. இந்தப் பாதையை மூடியதும் என்னை அகலப் பாதைக்கு மாற்றினார்கள், அங்கே கீமேன் வேலையைக் கேட்டு வாங்கினேன், நான் நடந்து பார்த்த பகுதியில் பதினைந்து வருஷம் ஒரு சக்கரம் இறங்கியதில்லை. ஆனால் என்ன, எந்தக் கணக்கில் எதைக் கழிப்பது.

பத்து முப்பத்தொன்று. தண்டவாளத்தில் உள்ளங்கையை வைத்துப் பார்க்கிறேன். குளிர்ச்சியாக இருக்கிறது. இன்னும் வரவில்லை. போன மாசம் இதே மாதிரி கையை வைத்தபோதுதான் பார்த்தேன். ஜல்லியில் வெளுப்பு. அதே வேப்பமரத்துக்கு நேர் எதிரே. முதல் முறை திறப்பு நாள் குறித்து, அழைப்பிதழ் அச்சடித்து, மாவட்டத்துப் பெரிய மனுஷர்களுக்கெல்லாம் கொடுத்து முடித்திருந்த நேரம். வெளியூரிலிருந்து வந்த இன்ஜினியர்கள் மெஷினை உருட்டி அளந்துவிட்டு எல்லாம் சரி என்று காகிதம் கொடுத்திருந்தார்கள். காய்ந்த நாளில் அளந்தார்கள், மழை அப்புறம்தான் பெய்தது, சரியாகத்தான் இருந்திருக்கும். மறுபடியும் நான் மட்டும் இங்கே நிற்கிறேன், சொல்லவேண்டியதும் நான் மட்டும். ஐம்பத்தெட்டு வயதில் என்னைப் பார்த்து யார் சிரித்தால் என்ன. நேராக ஆபீசுக்குப் போனேன். செயலாளர் காகிதத்தைக் காட்டினார். நாள் குறிச்சாச்சே பேச்சியம்மா, திறந்தப்புறம் பார்த்துக்கலாமே என்றார். வாங்க சார் என்று கூட்டி வந்து அந்தக் கட்டைக்குப் பக்கத்தில் நிறுத்தினேன். கரி எஞ்சினை அடிவைத்து அடிவைத்து வரச் சொன்னேன். சக்கரம் மேலே வந்ததும் கட்டைக்கு அடியிலிருந்து சேறு பாலைப் போலப் பீறிட்டு அவருடைய வெள்ளை வேட்டியில் அடித்தது. அவர் வேட்டியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். நாள் தள்ளிப் போகட்டும் சார், இல்லேன்னா பாதைப் பொறுப்புல இருக்கிற நான் கையெழுத்துப் போடமாட்டேன் என்றேன். என் வாயா அப்படிப் பேசியது என்று எனக்கே ஆச்சரியம்.

நாளைத் தள்ளிவைத்தார், ஆனால் மூன்று நாள் அவர் என்னோடு பேசவில்லை. பத்திரிகையில் ஒருத்தர், வேலை தெரியாதவர்களை வைத்துக்கொண்டு ரயில் விடுகிறார்கள் என்று எழுதினார். நாங்கள் தோண்டத் தொடங்கினோம். அறுபது கட்டையைக் கழற்றி, சேறான ஜல்லியை எல்லாம் அள்ளி வெளியே போட்டு, இடுப்பளவு வெட்டி, சரளை நிரப்பி, இடித்து, குளத்துப் பக்கம் தண்ணீர் வடிய ஆறு இடத்தில் கல் வடிகால் வைத்து, மேலே புது ஜல்லி. வெட்டும்போது கோமுதான் முதலில் கண்டுபிடித்தாள், கரைக்குள்ளே ஒரு பழைய மதகு, யாரோ எப்போதோ மண்ணைப் போட்டு மூடியது, அதன் வழியாகத்தான் தண்ணீர் இத்தனை வருஷமும் உள்ளே இறங்கிக்கொண்டிருந்திருக்கிறது. அன்றைக்கு, அந்தக் கூட்ஸ் அன்றைக்கும், இதுதான். எத்தனை பேக்கிங் செய்தாலும் நிற்காது, எந்த மேஸ்திரி செய்தாலும் நிற்காது. நான் பள்ளத்துக்குள்ளே அப்படியே உட்கார்ந்துவிட்டேன். கோமு பயந்துபோய்த் தண்ணீர் கொடுத்தாள். நாலாம் நாள் காலையில் செயலாளர் வந்தார், ஒரு கூடையை எடுத்து ஜல்லி சுமக்க ஆரம்பித்தார், பேங்கில் நாற்காலியில் உட்கார்ந்த உடம்பு, பத்து நடைக்குள் மூச்சு வாங்கியது, விடவில்லை. பதினெட்டு நாள். பதினெட்டு நாளும் எனக்கு வேலை முடிந்து வீட்டுக்குப் போகப் பிடிக்கவில்லை. பெருமை என்று சொன்னால் பெரிய வார்த்தை, ஆனால் வேறு வார்த்தை எனக்குத் தெரியவில்லை. கட்டைகள் வரிசையாக வளைந்து போவதைப் பார்த்துக்கொண்டே நிற்பேன். இதை நாங்கள் செய்தோம். பீடி சுற்றியவர்களும் நானும்.

ஊதல். ஏழாம் கிலோமீட்டர் கேட்டில் ஊதுகிறது. இரண்டாம் பாலத்தைத் தாண்டிவிட்டது. கை தன்னால் தண்டவாளத்துக்குப் போகிறது, இப்போது அதிர்கிறது, மெல்ல, எறும்பு ஊர்கிற மாதிரி. மூன்று நாள் மழை. வடிகால் எல்லாவற்றிலும் தண்ணீர் வடிகிறதா, வடிகிறது, காலையிலேயே பார்த்தேன். நாலாவது வடிகாலில் கொஞ்சம் கலங்கலாக வந்ததே. அது மேல் மண். மேல் மண்தானா. போய்ப் பார்க்கலாமா, நேரமில்லை, புகை தெரிகிறது, பனங்காட்டுக்கு மேலே, கறுப்பாக. சத்தம் கேட்கிறது. வளைவு மறைத்திருப்பதால் எஞ்சின் தெரியவில்லை. மேல் மண்தான். கொடியை விரிக்கிறேன். தெரிகிறது, முன்னால் செயலாளர் மாட்டச் சொன்ன சாமந்தி மாலை, அதற்குப் பின்னால் புகை, மூன்று மரப் பெட்டி. நான் பெட்டியைப் பார்க்கவில்லை, கட்டைகளைத்தான் பார்க்கிறேன். எஞ்சின் வேகத்தைக் குறைக்கிறது. குறைக்காதே, ஏன் குறைக்கிறாய், நான் பச்சையல்லவா காட்டுகிறேன். நின்றேவிட்டது. எஞ்சின் சரியாக வேப்பமரத்துக்கு எதிரே.

தாமோதரன் சார் இறங்கினார். ஒல்லியான ஆள், பேன்ட்டை மடித்துவிட்டிருந்தார். ஒரு வணக்கம் வைத்துவிட்டு உயரம் பார்க்கிற லெவலையும் அகலம் அளக்கிற கேஜையும் எடுத்துத் தண்டவாளத்தின் மேல் வைத்தார். அறுபது கட்டைக்கும் குனிந்தார். எஞ்சினுக்கு அடியில்கூடக் கையை விட்டு ஜல்லியை எடுத்து விரலால் தேய்த்துப் பார்த்தார். அதற்குள் இரண்டு பேர் பிடித்துக்கொள்ள ஞானதிரவியம் அண்ணாச்சி பெட்டியிலிருந்து இறங்கியிருந்தார். மீசை இல்லை. முகம் சுருங்கிச் சிறுத்து, கையில் தடி. என்னைப் பார்த்தார், தலையை அசைத்தார், அவ்வளவுதான். தாமோதரன் சார் பையிலிருந்து பழைய ரெக்கார்ட் ஒன்றை எடுத்தார். இங்கே முன்னால் ஒரு விபத்து நடந்திருக்கிறது, காரணம் பேக்கிங் சரியில்லை, மேஸ்திரியின் கவனக்குறைவு என்று போட்டிருக்கிறது, ஆனால் நீங்கள் கரையையே வெட்டியிருக்கிறீர்களே, அப்படியானால் எது சரி என்று கேட்டார். செயலாளர் பதில் சொல்ல வாயெடுத்தார். நான் முந்திக்கொண்டேன். மூடிக்கிடந்த மதகைச் சொன்னேன், தண்ணீர் உள்ளே இறங்கியதைச் சொன்னேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். அது போதும், அண்ணாச்சி மேல் தப்பில்லை என்று ஆகிவிடும். நான் சொன்ன பொய் குளத்துக்குள்ளேயே கிடக்கும். இரண்டு வருஷத்துப் பெருமையும் கெடாது. கோமு அடுத்த பெட்டியின் ஜன்னலில் இருந்து பார்த்துக்கொண்டிருக்கிறாள். எல்லாம் ஒரு நொடிதான்.

"சார், இன்னொண்ணும் இருக்கு," என்றேன். "முந்தின நாள் சாயங்காலம் கீமேன் வேலை பார்த்தது நான். கட்டை ஆடுனதைப் பார்த்தேன். யாருகிட்டயும் சொல்லல. விசாரணையில நல்லா இருந்துச்சுன்னு பொய் சொன்னேன். அண்ணாச்சிதான் தண்டனையை அனுபவிச்சாரு."

செயலாளர் என்னைப் பார்க்காமல் குளத்தைப் பார்த்தார். தாமோதரன் சார் எழுதுவதை நிறுத்தி அண்ணாச்சியின் பக்கம் திரும்பினார். நான் அவருடைய தடியைப் பார்த்துக்கொண்டிருந்தேன், தடி ஜல்லிக்குள் இறங்கி நின்றது.

"எனக்குத் தெரியும் சார்," என்றார் அண்ணாச்சி. "அன்னைக்கு குளத்துக்கு அந்தக் கரையில டீக்கடைல உட்காந்திருந்தேன். இந்தப் பிள்ளை இங்கனயே கால் மணி நேரம் நின்னுச்சு. என்னமோ இருக்குன்னு புரிஞ்சுது. எந்திரிச்சு வந்து என்னட்டின்னு ஒரு வார்த்தை கேட்டிருக்கணும். நாளைக்குப் பார்ப்போம்னு டீயைக் குடிச்சேன். மேஸ்திரி நான். அப்ப யாருமேல தப்பு?"

இருபத்தெட்டு வருஷம் இந்த மனுஷன் என்னைக் காப்பாற்றினார் என்று நினைத்துக்கொண்டிருந்தேன், அவர் தனக்கு வரவேண்டியதை வாங்கிக்கொண்டு போனதாக நினைத்திருக்கிறார். நான் ஒரு பக்கம் சுமக்க, அவர் ஒரு பக்கம் சுமக்க, ஒரே கட்டையின் இரண்டு முனை. தாமோதரன் சார் பழைய ரெக்கார்டை மூடிப் பைக்குள் வைத்தார். மதகு இருந்ததை எழுதிக்கொள்கிறேன், அந்தக் காரணம் தப்பு என்றும் எழுதுகிறேன், மற்றது உங்கள் இரண்டு பேரோடது என்றார். பிறகு என்னிடம், வேலை நன்றாக இருக்கிறது, அளவு எங்கேயும் விலகவில்லை, இந்த வளைவுக்கு முப்பது வேகம் எழுதலாமென்று நினைக்கிறேன், என்ன சொல்கிறீர்கள் என்று கேட்டார். என்னிடம் கேட்டார். முப்பது என்றதும் செயலாளரின் முகம் மலர்ந்துவிட்டது. எனக்கும் ஆசைதான், முப்பதில் வண்டி இதைச் சுற்றி வருவதைப் பார்க்க யாருக்கு ஆசை இருக்காது. முப்பது வேண்டாம் சார், புதுக் கரை, இன்னும் ரெண்டு மழைக்காலம் தாண்டட்டும், இருபது குடுங்க என்றேன். அவர் முதல் முறையாகச் சிரித்தார். இருபது என்று எழுதி, காகிதத்தை என்னிடம் நீட்டிக் கையெழுத்து வாங்கிக்கொண்டார். ஈரக் கை, எழுத்துக் கொஞ்சம் கலங்கிவிட்டது, பேச்சியம்மா என்பது படிக்கிற மாதிரி இருந்தால் போதும்.

எல்லாரும் ஏறினார்கள். அண்ணாச்சியால் ஏற முடியவில்லை. பிளாட்பாரம் இல்லாத இடம், படி இடுப்புக்கு மேலே, தூக்கிவிட வந்தவர்களை வேண்டாம் என்று சொல்லிவிட்டார். நெடும்பாறை வரைக்கும் போய்விட்டு வண்டி திரும்பி வரட்டும், நான் இங்கேயே நிற்கிறேன் என்றார். ஓட்டுநர் என்னைப் பார்த்தார். நான் பச்சையை உயர்த்தினேன். ஊதிவிட்டு எஞ்சின் நகர்ந்தது. பெட்டிக்குள் இருந்தவர்கள் கையை ஆட்டினார்கள், கோமு பாதி உடம்பை வெளியே விட்டு ஏதோ கத்தினாள், நாங்கள் இரண்டு பேரும் அவர்களைப் பார்க்கவில்லை. அண்ணாச்சி தடியை ஊன்றிக் குனிந்துவிட்டார், நானும் குனிந்தேன். சக்கரம் ஒவ்வொன்றாகக் கட்டைக்கு மேல் வந்தது. எஞ்சின், கரி வண்டி, ஒரு பெட்டி, இரண்டு, மூன்று. ஜல்லி ஜல்லியாகவே இருந்தது. குளத்துப் பக்கம் நாலாவது வடிகாலிலும் தெளிந்த தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. கடைசிப் பெட்டி பனங்காட்டைத் தாண்டி மறைகிற வரைக்கும் அவர் நிமிரவில்லை.

"அசையல பேச்சி," என்றார்.

"ஆமா அண்ணாச்சி. அசையல."

கண்ணைத் துடைத்துக்கொண்டேன், அவர் பார்த்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை. வண்டி திரும்பி வர ஒரு மணி நேரமாவது ஆகும். வளைவை ஒரு முறை நடந்து பார்த்துவிடலாம் என்றார். எழுபத்தொன்பது வயதில் ஈர ஜல்லியில் நடக்கவேண்டாம் என்று சொல்ல நினைத்தேன், சொல்லவில்லை. கேங்கில் மேஸ்திரிதான் எப்போதும் முன்னால் நடப்பார், மற்றவர்கள் பின்னால், அது யாரும் எழுதி வைக்காத சட்டம். நான் ஒதுங்கி அவருக்கு வழி விட்டேன். அவர் நகரவில்லை. தடியால் முதல் கட்டையைத் தட்டிக் காட்டினார்.

"நீ முன்னால நட."

நடந்தேன்.